ஒலியற்ற செய்திப்படங்கள் உரைக்கும் உண்மை

படம் பொய் சொல்லாது என்பர். ஒலியற்ற காலச் செய்திப்படங்களையும் அவற்றின் முன்னோடிகளையும் கூர்ந்து நோக்குவோர் இக்கூற்றை அவ்வாறே ஏற்கமாட்டார்.

1895இல் லூமியேர் உடன்பிறப்புகள் பிரான்சின் லியோன் நகரில், தம் தொழிற்சாலையை விட்டு வெளியேறும் தொழிலாளரைப் படமாக்கினர். அன்றாட வாழ்வின் காட்சிதான். ஆயினும் அது மீண்டும் எடுக்கப்பட்டு மூன்று வடிவங்களில் உள்ளது. எடுத்தவர் முதலாளிகள் என்பதும் எண்ணத்தக்கது. 1902இல் மெலியே, ஏழாம் எட்வர்டு மன்னரின் முடிசூட்டு விழாவை, அது நிகழுமுன்னரே நடிகர்களைக் கொண்டு எடுத்து முடித்தார்.

இதனால் இப்படங்களை ஒதுக்கிவிடலாமா? கூடாது. 1913 ஜூன் 4இல் எப்சம் திடலில், டெர்பி குதிரைப் பந்தயத்தைப் பதிவு செய்யவே படக்கருவிகள் நிறுத்தப்பட்டன. பெண்களின் வாக்குரிமைக்குப் போராடிய எமிலி டேவிசன், மன்னரின் குதிரைமுன் சென்று அடிபட்டு வீழ்ந்ததும் அவற்றில் பதிந்தது. நான்காம் நாள் அவர் மறைந்தார். உயிர்விடவே வந்தாரா, குதிரைமீது கொடித்துணியை மாட்ட முயன்றாரா என்பது இன்றும் ஆய்வுக்குரியது. படம் செயலைக் காட்டிற்று; நோக்கத்தைச் சொல்லவில்லை.

ஆகவே, செய்திப்படத்தையும் நூலைப் போலவே கற்றல் வேண்டும். எடுத்தவர் யார், எதைக் காட்ட விழைந்தார், விழையாமலே பதிந்தது எது என்னும் வினாக்களை மாணவர் உள்ளத்தில் எழுப்புவது ஆசிரியர் கடனாகும்.