கைதியும் கப்பித்தானும்: திருகோணமலைக் கடல்சார் நூதனசாலையும் பயணிக் கதைமரபும்

நூதனசாலை என்பது பழம்பொருள்களின் களஞ்சியம் என்று கருதுவது பொது வழக்கு. ஆயின் பொருள்கள் தாமாகப் பேசுவதில்லை. எதனை முன்வைப்பது, எதனைப் பின்தள்ளுவது, எவருக்குப் பெயர் தருவது, எவரைப் பெயரின்றி விடுவது என்ற தெரிவுகளின் பின்னரே அவை பேசத் தொடங்குகின்றன. தெரிவு உள்ள இடத்தில் எடுத்துரைப்பு உண்டு. எடுத்துரைப்பு உள்ள இடத்தில் எடுத்துரைப்போரின் சமூக நிலைப்பாடும் உண்டு. எனவே, காவியத்தையோ நாவலையோ இலக்கிய விமர்சனம் அணுகும் முறையில் நூதனசாலையையும் அணுகலாம் என்பது எமது கருத்து. திருகோணமலைத் துறைமுகப் பகுதியில் உள்ள கடல்சார், கடற்படை வரலாற்று நூதனசாலையைப் பார்வையிட்டதன் பயனாக எழுந்த சில சிந்தனைகளை இங்கு முன்வைக்கின்றோம்.

அந்நூதனசாலையின் முதற் காட்சிப்பொருள் அதன் கட்டடமே. 18ஆம் நூற்றாண்டில் ஒல்லாந்தக் கடற்படை ஆணையாளரின் வதிவிடமாக விளங்கிய அம்மனை, நெதர்லாந்து அரசின் உதவியுடன் புதுப்பிக்கப்பெற்று, 2013இல் நூதனசாலையாகத் திறக்கப்பட்டது. கடலை ஆணையிடும் இடத்திலிருந்து பார்ப்பதற்காக எழுப்பப்பட்ட வீடு அது. அங்கு சொல்லப்படும் கடற்கதையும் அவ்விடத்திலிருந்தே பார்க்கப்படுகின்றது என்பது தற்செயலன்று.

இத்துறைமுகத்துக்காக ஐரோப்பிய அரசுகள் ஏன் போரிட்டன என்ற வினாவுக்குப் பொருளியல் விடை உண்டு. வடகீழ்ப் பருவக்காற்று வீசும் மாதங்களில் சோழமண்டலக் கரையில் பெருங்கப்பல்கள் ஒதுங்குவதற்கு இயற்கைத் துறைமுகம் இல்லை. துணியும் பிறவும் ஏற்றிச் செல்லும் வணிகத்துக்குக் காவல்செய்யும் கப்பற்படை, புயற்காலத்தில் தங்குவதற்கு ஆழமும் காப்பும் உடைய துறை ஒன்றை நாடியது. 1639இல் போர்த்துக்கேயரிடமிருந்து ஒல்லாந்தர் கோட்டையைக் கைப்பற்றினர்; 1672இல் பிரெஞ்சுக்காரர் வந்தனர்; 1782இல் ஒரே ஆண்டிலேயே அது ஆங்கிலேயர் கைக்கும் பின்னர் பிரெஞ்சுத் தளபதி சுவ்ரான் கைக்கும் மாறியது; 1795இல் மீண்டும் ஆங்கிலேயர் வசமாயிற்று. காற்றின் திசையும் மூலதனத்தின் தேவையும் இணைந்து எழுதிய வரலாறு இது. ஆயினும் பொதுமக்கள் அறியும் கடல் வரலாறு இவ்வாறு எழுதப்படுவதில்லை. பாகியன், மார்க்கோ போலோ, இபன் பதூதா, செங் ஹே எனப் பெரும் பயணிகளின் வரிசையாகவே அது அமைகின்றது.

இவ்வமைப்பு தமிழ் வாசகருக்குப் புதியதன்று. தன்னிகரற்ற தலைவன் ஒருவனை நடுநாயகமாக வைத்து, மலையையும் கடலையும் நாட்டையும் நகரையும் அவனுக்குப் பின்புலமாக்குவது பெருங்காப்பிய இலக்கணம். கடற்பயணிகளைப் போற்றும் நூதனசாலைகள் எங்கிருப்பினும் இவ்விலக்கணத்தையே பின்பற்றுகின்றன. கடல் தலைவனின் வீரத்தைச் சோதிக்கும் களமாகின்றது; துறைமுகத்து மக்கள் வருணனைப் பொருளாகின்றனர்.

உண்மை வேறு. 1498இல் வாஸ்கோ ட காமா மலிந்தியிலிருந்து கள்ளிக்கோட்டைக்குக் கடல் கடந்தது, அக்கடலை முன்பே அறிந்த ஒரு மாலுமியின் வழிகாட்டலிலேயாகும். காமாவின் பெயரால் கோவாவில் ஒரு நகரமே விளங்குகின்றது. அம்மாலுமி யார் என்பது குறித்து ஆய்வாளர் இன்னும் விவாதித்துக்கொண்டிருக்கின்றனர். செங் ஹே கொணர்ந்த மும்மொழிக் கல்வெட்டும் இவ்விடத்து நினைக்கத்தக்கது. 1409ஆம் ஆண்டினைக் குறிக்கும் அக்கல் 1911இல் காலியில் கண்டெடுக்கப்பட்டது. அப்போது அது ஒரு மதகின் மூடியாகப் பயன்பட்டுக்கொண்டிருந்தது. அதில் சீன மொழிப் பகுதி புத்தரையும், பாரசீக மொழிப் பகுதி அல்லாவையும், தமிழ்ப் பகுதி தேனாவரை நாயனாரையும் முன்னிலைப்படுத்துகின்றன. இம்மூன்று மொழிகளும் தெரிவுசெய்யப்பட்டமைக்குக் காரணம், இக்கரைகளில் அம்மொழி பேசிய வணிகர் ஏற்கெனவே நிலைகொண்டிருந்தமையே. பெரும் பயணி புதுவழி கண்டவன் அல்லன். பலர் உழைப்பால் உருவான வழியில் வந்தவன்.

திருகோணமலைக் கரைக்கே உரிய பயணி ஒருவனை எடுத்துக்கொண்டால் இவ்வுண்மை மேலும் தெளிவுறும். கிழக்கிந்தியக் கம்பனியின் சேவையிலிருந்த ‘ஆன்’ என்ற கப்பல், 1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்தருகே புயலிற் சிக்கிப் பாய்மரத்தை இழந்து, பழுதுபார்ப்பதற்காகக் கொட்டியாரக் குடாவை அடைந்தது. அதன் கப்பித்தானும், அவருடைய மகன் றொபேட் நொக்சும், வேறு மாலுமிகளும் 1660இல் கண்டியரசன் இரண்டாம் இராசசிங்கனின் ஆட்களால் பிடிக்கப்பட்டனர். தந்தை 1661இல் இறந்தார். மகன் 1679இல் தப்பி, அரிப்பிலிருந்த ஒல்லாந்தக் கோட்டையை அடைந்தான். 1681இல் இலண்டனில் வெளிவந்த அவனுடைய நூல் ஐரோப்பாவெங்கும் வாசிக்கப்பட்டது.

நொக்சின் நூலைக் காலனித்துவ எழுத்து என ஒதுக்கிவிடுதல் எளிது. ஆனால் அது விமர்சனமாகாது. நான்கு பாகங்கள் கொண்ட அந்நூலில் மூன்று பாகங்கள் நாட்டையும் அரசையும் மக்களையும் பற்றியன. சொந்தக் கதை இறுதிப் பாகத்திலேயே வருகின்றது. உழவு, உணவு, வழக்கு, சடங்கு ஆகியவை பற்றி அக்காலக் கண்டி இராச்சியத்தைக் குறித்து இத்துணை நுணுக்கமாக எழுதிய பிறநாட்டார் அரியர். இந்நுணுக்கம் எங்கிருந்து வந்தது? கோட்டையில் இருந்து நாட்டைப் பார்த்தவன் அல்லன் அவன். கிராமத்தில் கைதியாக இருந்து, தொப்பி பின்னி விற்றுப் பிழைத்தவன். உழைத்து உண்ண நேர்ந்தமையால் உழைப்பை அவனுடைய கண் கண்டது. கைதி நிலை அவனுக்குத் தந்த யதார்த்த நோக்கு அது.

ஆயினும் இதற்கு ஒரு மறுபக்கம் உண்டு. அதே கிராமத்தில் நொக்ஸ் நெல்லை வட்டிக்குக் கொடுத்துப் பொருள் சேர்த்தான். அதனை மறைக்காமல் தானே எழுதுகின்றான். விடுதலை பெற்று நாடு திரும்பிய பின், கம்பனியின் கப்பித்தானாகி, செயின்ற் எலீனாத் தீவுக்கு அடிமைகளை வாங்கிவர மடகாஸ்கருக்குக் கப்பல் செலுத்தினான். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தன் விடுதலைக்காக ஏங்கியவனே பிறருடைய விடுதலையை விலைபேசச் சென்றான். தனிமனிதனின் நன்றிகெட்டதனம் என்று இதனை விளக்குதல் போதாது. கைதியாக இருந்தபோது அவன் கண்ட மனிதரைக் கப்பித்தானாக ஆனபின் காணவிடாமற் செய்தது அவன் ஏற்ற வணிக மூலதனத்தின் பணியே. மனிதன் மாறவில்லை, உற்பத்தி உறவுகளில் அவன் நின்ற இடம் மாறியது.

டானியல் டீபோவின் ‘றொபின்சன் குறூசோ’ (1719) உருவானமைக்கு நொக்சின் நூலும் ஓர் உந்துதல் என்று ஆய்வாளர் பலர் கருதுவர். குறூசோவும் மூர்களிடம் அடிமையாகின்றான். தன்னுடன் தப்பிவந்த சூரி என்ற சிறுவனை விற்கின்றான். பிரேசிலில் தோட்ட முதலாளியாகின்றான். அடிமைகளை வாங்கிவரப் புறப்பட்ட பயணத்திலேதான் அவன் கப்பல் உடைகின்றது. தீவில் சந்தித்த மனிதனிடம் அவனுடைய பெயரைக் கேளாமலே ‘வெள்ளி’ என்று பெயரிடுகின்றான். ‘மூலதனம்’ முதற்பாகத்தில் (1867) மார்க்ஸ், பொருளியலாளர் குறூசோக் கதையில் கொண்டிருந்த மோகத்தை எள்ளிநகையாடி, தனித்தீவிலும் கணக்கேடு திறந்து வைத்திருக்கும் அவ்வாங்கிலேயனைச் சுட்டுவார். சமூகத்திலிருந்து பிரிந்த தனிமனிதன் என்ற கற்பனை, நாவல் என்ற புதிய வடிவத்துக்கு நாயகனைத் தந்தது. அக்கற்பனையின் வேர்களுள் ஒன்று எங்கள் கொட்டியாரக் கரையில் இறங்கியிருக்கின்றது என்பது தமிழ் நாவல் ஆராய்ச்சியாளர் மனங்கொள்ள வேண்டிய செய்தி. க. கைலாசபதி 1968இல் ‘தமிழ் நாவல் இலக்கியம்’ என்ற நூலில் தொடக்கிய சமூகவியல் ஆய்வு இத்திசையிலும் விரிவு பெறலாம்.

மூதூர்ப் பகுதியில் ‘வெள்ளைக்காரன் மரம்’ எனப்பட்ட இடத்தில், 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் நொக்சுக்கு ஒரு நினைவுக்கல் நாட்டப்பட்டது. அது தந்தையின் கப்பித்தான் பதவியையும் மகனின் பத்தொன்பது ஆண்டுச் சிறையையும் ஒருவருக்கே உரியதாக்கிக் கூறுகின்றது. கல்லை நாட்டியோருக்குத் தொப்பி பின்னிய கைதி போதவில்லை, கப்பித்தான் தேவைப்பட்டான். பயணிக் கதைமரபின் இயல்பு இங்கு வெளிப்படையாகின்றது.

அதே குடாவின் கரையிலுள்ள சம்பூர் மக்கள் 2006இல் போரினால் இடம்பெயர்ந்தனர். 2007இல் அப்பகுதி உயர்பாதுகாப்பு வலயமாக்கப்பட்டது. 2015ஆம் ஆண்டிலும் அதனையடுத்துமே காணிகள் படிப்படியாக விடுவிக்கப்பட்டன. முகாம்களில் பல்லாண்டு வாழ்ந்த அவ்வுழவரும் மீனவரும் தம் கரையிலேயே கைதிகளாயினர். பத்தொன்பது ஆண்டுச் சிறை ஒன்றுக்குக் கல்லும் நூலும் உண்டு. இவர்களின் ஆண்டுகளுக்கு எந்நூதனசாலையில் ஓர் அடுக்கு உண்டு? இதனை உணர்ச்சிக் கேள்வி என்று எவரும் தள்ளிவிடலாகாது. எவருடைய துன்பம் வரலாறு, எவருடைய துன்பம் செய்தி என்று தீர்மானிக்கும் அதிகாரம் பற்றிய கேள்வி இது.

இவ்விடத்தில் எம்மவர் சிலர் கூறும் மாற்றுவழி ஒன்றையும் பரிசீலித்தல் வேண்டும். ஐரோப்பியக் கப்பித்தான்களை அகற்றி, 1025இல் கடாரத்துக்குப் படையனுப்பிய இராசேந்திர சோழனை அவ்விடத்தில் நிறுத்திவிட்டால் வரலாறு நேராகிவிடும் என்பது அவர்களின் நம்பிக்கை. பெரும்பான்மையினக் கருத்துநிலையும் தனக்கு வேண்டிய மன்னரை நிறுத்துவதில் குறைவைக்கவில்லை. தலைவனை மாற்றினும் காப்பிய இலக்கணம் மாறுவதில்லை; துடுப்புப் போட்டவன் பெயரற்றவனாகவே இருப்பான். பல சமயத்தாரும் பல மொழியினரும் கலந்து உழைத்த துறைமுகத்தை ஓர் இனத்தின் பட்டயமாக்குவது உழைக்கும் மக்களைப் பிரிப்பதற்கே உதவும்.

எங்கள் இலக்கிய மரபிலும் இக்குறை உண்டு. தமிழின் முதல் வரலாற்று நாவல் எனப் போற்றப்படும் ‘மோகனாங்கி’யை (1895) எழுதிய த. சரவணமுத்துப்பிள்ளை திருகோணமலையில் பிறந்தவர். ஆனால் அவருடைய கதை நாயக்கர் அரண்மனைகளை நாடிச் சென்றது, துறைமுகம் கதைக்களமாகவில்லை. இதற்கு மாறாக, நிலமானிய காலத்துக் ‘கோணேசர் கல்வெட்டு’ குளக்கோட்டனைப் புகழ்வதாயினும், தானத்தார், வரிப்பத்தார் முதலியோர் செய்யவேண்டிய தொழும்புகளை வகுத்துரைக்கின்றது. உழைப்பை வெளிப்படையாக ஏவவேண்டிய சமுதாயம் அதனை மறைக்க இயலாது. சாதிக் கட்டுப்பாட்டின் ஆவணமாகிய அந்நூல், தான் அறியாமலே உழைப்போரின் ஆவணமும் ஆகின்றது. கூலிக்கும் விலைக்கும் பின்னால் உழைப்பை மறைக்க முடிந்த காலத்தின் நூதனசாலையோ அவ்வளவும் சொல்வதில்லை.

மறைத்தல் இங்கு மட்டும் நிகழ்வதன்று. இத்துறைமுகத்தின் பெயர் தாங்கிய ‘திருகோணமலை’ என்ற ஆங்கிலப் போர்க்கப்பல், 1817இல் பம்பாயில் வாடியா குடும்பத்தாரின் தளத்தில் தேக்கினால் கட்டப்பட்டது. இன்று அது இங்கிலாந்தின் ஆட்டில்பூல் நகரில் காட்சிப்பொருளாக மிதக்கின்றது. தலைமைத் தச்சரான யம்செட்ஜி பொமன்ஜி வாடியாவின் பெயர் நிலைத்தது. தேக்கை இழைத்த கைகளின் பெயர்கள் நிலைக்கவில்லை. வல்வெட்டித்துறையில் கட்டப்பட்ட ‘அன்னபூரணி’ என்ற பாய்க்கப்பலை அவ்வூர் மாலுமிகள் செலுத்தி, 1938இல் அமெரிக்காவின் குளொஸ்ரர் துறைமுகத்தில் சேர்த்தனர். அதனை வாங்கிய வில்லியம் றொபின்சன், உலகைச் சுற்றிவந்த கடலோடி எனப் புகழ்பெற்றவர்; கப்பலுக்குத் தம் மனைவியின் பெயரைச் சூட்டினார். பெயரிடும் உரிமை உடைமையாளனுக்கு. பயணம் செய்தல் உழைப்பாளிக்கு.

எனினும் மாற்றுக் கதைமரபு ஒன்று எம்மிடம் இல்லாமலில்லை. நொக்ஸ் பிடிபட்ட மூதூரிலேயே பிறந்த வ. அ. இராசரத்தினம் எழுதிய ‘தோணி’ என்ற சிறுகதை, கடலைக் கரையோரத்து மீனவனின் கண்ணால் பார்க்கின்றது. அங்கு தோணி வீரத்தின் சின்னமன்று. அது உற்பத்திச் சாதனம். அது தனக்கு உரியதா, பிறர்க்கு உரியதா என்பதே வாழ்வைத் தீர்மானிக்கின்றது. நூற்றுக்கணக்கான பயணக் குறிப்புகள் சொல்லாத உண்மையை ஒரு சிறுகதை சொல்லிவிடுகின்றது.

ஆகவே நூதனசாலையை மூடுக என்பது எமது கோரிக்கையன்று. பயணிகளின் படங்களுக்குப் பக்கத்தில் கரைவலையும் வள்ளமும் அவற்றின் சொந்தக்காரர் யார், கூலிக்கு இழுத்தவர் யார் என்ற விபரத்துடன் வைக்கப்படல் வேண்டும். தண்டையல்மாரின் காற்றறிவு, துறைமுகத் தொழிலாளரின் நினைவுகள், குடாவின் கரையிலிருந்து பெயர்க்கப்பட்டோரின் வாய்மொழி ஆகியவை அவர்கள் உயிருடன் இருக்கும்போதே தமிழிலும் சிங்களத்திலும் பதியப்படல் வேண்டும். பல்கலைக்கழகத் தமிழ்ச் சங்கங்கள் இப்பணியைத் தொடக்குவதற்கு எவருடைய அனுமதிக்கும் காத்திருக்க வேண்டியதில்லை. கோட்டை மதிலுக்கு வெளியே, மூதூருக்குச் செல்லும் வள்ளத்திலேயே முதற் தகவலாளரைச் சந்திக்கலாம்.