தோப்ரிட்சா சோசிச்: நாவலாசிரியரும் நாட்டுத் தலைவரும்

இலக்கியம் படைப்போர் அரசியலில் இறங்கும்போது அவர்தம் மனச்சான்றுக்கு நேர்வது யாது? பழமையான இவ்வினாவை ஆராய்வதற்குச் செர்பிய நாவலாசிரியர் தோப்ரிட்சா சோசிச்சின் (1921–2014) வாழ்க்கை தக்கதோர் எடுத்துக்காட்டாகும். பொதுவுடைமைப் போராளியாகத் தொடங்கி, கட்சியின் எதிர்ப்பாளராக மாறி, முதுமையில் குடியரசுத் தலைவராகவும் அமர்ந்தவர் அவர். தேசத்தின் தந்தை எனச் சிலர் அவரைப் போற்றினர். போருக்கு விதை விதைத்தவர் எனப் பிறர் தூற்றினர். நாம் கேட்க விழையும் கேள்வி வேறு: அவருடைய நாவல்கள் கண்ட உண்மையை அவருடைய அரசியல் காணத் தவறியது ஏன்?

வெலிகா திரெனோவா என்னும் செர்பியச் சிற்றூரில் உழவர் குடும்பத்தில் பிறந்த சோசிச், இரண்டாம் உலகப் போரில் பொதுவுடைமைக் கெரில்லாப் படையில் அரசியல் ஆணையாளராகப் பணியாற்றினார். அந்த அனுபவத்திலிருந்து 1951இல் அவருடைய முதல் நாவலாகிய 'தொலைவில் உள்ளது சூரியன்' பிறந்தது. பனி மூடிய மலையில் பகைவரால் சூழப்பட்ட ஒரு படைப்பிரிவே அதன் களம். கிராமங்கள் எரிவதைக் கண்டு பொறாத க்வோஸ்தென் என்னும் உழவன், குளிர்காலத்தில் படையைக் கலைத்துவிடலாம் என்கிறான். அவனுடைய தோழர்களே அவனைக் குற்றவாளியெனத் தீர்த்துச் சுட்டுக் கொல்கின்றனர். வெற்றி பெற்ற கட்சியைச் சார்ந்த இளைஞர் ஒருவர், கட்சியின் பெயரால் சிந்தப்பட்ட இந்த இரத்தத்தை மறைக்காமல் தம் முதல் நூலின் நடுவே வைத்தார் என்பது சிறிய செய்தியன்று.

1954இல் வெளிவந்த 'வேர்கள்', 1961இல் வெளிவந்த 'பிரிவினைகள்' ஆகிய இரண்டும் நின் விருதைப் பெற்றன. பின்னதில், தாம் எதிர்த்துப் போரிட்ட செத்னிக் படையினரின் குரல்களையே அவர் ஒலிக்கச் செய்தார். பகைவனின் உள்ளத்துக்குள்ளும் புகுந்து பார்ப்பதே நாவலாசிரியனுக்குரிய அறம் எனின், அதனை அவர் நிறைவேற்றினார். முதல் உலகப் போரில் செர்பியர் பட்ட பாடுகளை நான்கு பாகங்களில் விரிக்கும் 'சாவின் காலம்' (1972–1979) அவருக்குப் பெரும்புகழ் ஈட்டியது.

இறையியல் பயில்வோர் சிறப்பாக நோக்கத்தக்கது 'தீமையின் காலம்' என்னும் முத்தொடர். அதன் பகுதிகளுக்கு அவர் இட்ட பெயர்கள் 'பாவி' (1985), 'மறுதலித்தவன்' (1986), 'விசுவாசி' (1990) என்பன. இவை திருச்சபையின் சொற்கள். ஆயினும் கதை பேசுவதோ ஸ்டாலின் காலத்துக் கட்சியைப் பற்றி. கட்சியே சபையாகவும், கோட்பாடே வேதமாகவும், ஐயமே பாவமாகவும் மாறுகையில் மனிதன் தன் நண்பனையும் பலியிடத் துணிகிறான் என்று அவர் காட்டுகிறார். விக்கிரக வணக்கத்தைப் பற்றி நாம் நிகழ்த்தும் பிரசங்கங்கள் பலவற்றினும் இது கூர்மையானது.

இனி அவருடைய அரசியலைக் காண்போம். 1961இல் டிட்டோவின் ஆப்பிரிக்கக் கடற்பயணத்தில் உடன் செல்லுமளவுக்கு அவர் நெருக்கமானவர். ஆனால் 1968இல், கொசோவோவில் செர்பியரின் நிலையைக் குறித்து மத்தியக் குழுவில் எச்சரித்துப் பேசியதற்காகக் கண்டிக்கப்பட்டு, அதிகாரத்தை விட்டு விலகினார். 1984இல் கருத்துரிமைக்காக ஒரு குழுவை அமைத்தார். 1986இல் செர்பிய அறிவியல் கலைக் கழகத்தின் முற்றுப்பெறாத அறிக்கை ஒன்று செய்தித்தாள் வழியே வெளியாகிப் பெரும் கொந்தளிப்பை எழுப்பிற்று. அதனை வரைந்த குழுவில் அவர் இடம்பெறவில்லை. எனினும் செர்பியர் அனைவராலும் வஞ்சிக்கப்பட்டவர் என்னும் அதன் எண்ணவோட்டத்தில் அவருடைய செல்வாக்கைப் பலர் கண்டனர்.

ஐக்கிய நாடுகள் அவையின் பொருளாதாரத் தடை விதிக்கப்பட்டு இரு வாரங்களே கடந்திருந்த 1992 ஜூன் 15 அன்று, செர்பியாவும் மாண்டிநீக்ரோவும் இணைந்த யூகோஸ்லாவியக் கூட்டாட்சியின் முதல் குடியரசுத் தலைவரானார். உண்மையான அதிகாரம் மிலோசெவிச்சின் கையிலேயே இருந்தது. 1993 மே மாதத்தில் போஸ்னியாவுக்கான வான்ஸ்–ஓவன் அமைதித் திட்டத்தை ஏற்குமாறு போஸ்னியச் செர்பியரை அவர் வேண்டினார், அவர்கள் மறுத்தனர். சில வாரங்களில், ஜூன் 1 அன்று, நாடாளுமன்றம் அவரைப் பதவியினின்று நீக்கியது. அவர் பேச்சைக் கேட்டு வளர்ந்த இன உணர்வு, அவர் நிறுத்தச் சொன்னபோது நிற்கவில்லை.

சரயேவோவின் முற்றுகைக்கும் ஸ்ரெப்ரெனிட்சாவின் படுகொலைக்குமுரிய குற்றம் முழுவதையும் ஓர் எழுத்தாளர் மேல் சுமத்துவது நீதியன்று. ஆயினும் நாம் கூறவேண்டியது ஒன்றுண்டு. நாவலில் அவர் தனிமனிதரைக் கண்டார். அரசியலிலோ இனத்தைக் கண்டார். ஒரு விக்கிரகத்தை உடைத்த கையே மற்றொன்றை அதே பீடத்தில் ஏற்றியது. செர்பியர் பட்ட துன்பம் மெய்யே. கொசோவோ அல்பேனியரும் போஸ்னிய முஸ்லிம்களும் பட்ட துன்பமும் அதே அளவுக்கு மெய்யே. செத்னிக் பகைவனுக்கும் 'பிரிவினைகள்' நாவலில் இடமளித்தவர், இவர்களுக்குத் தம் அரசியலில் அவ்விடத்தை அளிக்கவில்லை.

ஒரு சமுதாயத்தின் பெயரால் பேசுவது போதகராகிய நமக்கும் அன்றாடப் பணியே. நம் மக்களின் காயங்களை நாம் எடுத்துரைக்கும்போது, அண்டை வீட்டானின் காயத்தை மறைக்கிறோமா என்று சோதித்தறிவது நலம். க்வோஸ்தெனின் சாவை எழுதிய சோசிச்சையே, தலைவராய் அமர்ந்த சோசிச்சுக்கு எதிரான சாட்சியாக நாம் வாசிக்கலாம். நல்ல இலக்கியம் தன்னை எழுதியவனையும் நியாயந்தீர்க்கும்.