எங்குமில்லா ஊரிலிருந்து இவ்விடத்திற்கு: ரொபெர்த்தோ விதால் போலான்யோவின் நாடகங்கள்

ஸ்பெயினின் வடமேற்கு மூலையில் உள்ள கலீசியாவில் ஆண்டுதோறும் மே 17ஆம் நாள் இலக்கிய நாளாகக் கொண்டாடப்படுகிறது. ரோசலியா தே காஸ்த்ரோவின் கலீசிய மொழிக் கவிதைத் தொகுப்பு 1863இல் வெளிவந்ததை நினைவுகூர்ந்து 1963இல் தொடங்கப்பட்ட இந்நாள், மறைந்து பத்தாண்டுகளேனும் கடந்த ஓர் எழுத்தாளருக்கு உரித்தாக்கப்படுவது மரபு. 2013இல் அச்சிறப்பைப் பெற்றவர் ரொபெர்த்தோ விதால் போலான்யோ (1950–2002). நாடகங்களை எழுதி, இயக்கி, அவற்றில் நடித்தும் வாழ்ந்த ஒருவரை எழுத்தாளர் என்ற ஒரு நிலையில் மட்டும் வாசிப்பது போதுமா? போதாது என்றே நாம் கருதுகிறோம்.

சந்தியாகோ தே கொம்போஸ்தெலா நகரில் பிறந்த அவர், கலீசிய மொழி பள்ளியிலும் அலுவலகத்திலும் இடம்பெறாத பிராங்கோ ஆட்சியில் வளர்ந்தவர். 1970களில் அவர் உருவாக்கிய ஆன்த்ரோய்தோ நாடகக் குழு, கலீசியாவின் முதல் தொழில்முறைக் குழுக்களுள் ஒன்றாகும். 'ஆன்த்ரோய்தோ' என்பது தவக்காலத்திற்கு முந்திய களியாட்ட விழாவைக் குறிக்கும் சொல். முகமூடியும் கேலியும் மிகுந்த அவ்விழாவின் பெயரைக் குழுவிற்கு இட்டதிலேயே அவருடைய கலைநோக்கு புலப்படுகிறது. நூல்வழி மரபு மெலிந்திருந்த ஒரு நாடகத்துறைக்கு, மக்களின் விழா மரபை அவர் அடித்தளமாக்கினார்.

1977இல் நூலாக வெளிவந்த 'லௌதாமுக்கோ, எங்குமில்லா ஊரின் அதிபதி' அதிகாரத்தைக் கேலியுருவாகக் காட்டும் உருவக நாடகம். சர்வாதிகாரம் முடிந்த சூழலில் அதன் தேவை விளங்கத்தக்கதே. ஆயினும், ஊர் பேர் இல்லாத அதிகாரம் எல்லாரையும் சுட்டுவதாலேயே எவரையும் உறுத்தாமல் போகும் இடர் அதில் உண்டு. 1990களில் அவர் நடத்திய குழுவின் பெயரோ 'இவ்விடத்து நாடகம்' எனப் பொருள்படும். 'எங்குமில்லா ஊர்' என்பதிலிருந்து 'இவ்விடம்' என்பதற்கு நகர்ந்ததே அவருடைய வளர்ச்சி எனலாம்.

1998இல் வந்த 'நோயாளிகள்' இதற்குத் தக்க சான்று. சந்தியாகோ பேராலயத்தின் எதிரே, யாத்திரிகர்க்கென எழுந்த பழைய அரச மருத்துவமனை 1954இல் உயர்தர விடுதியாக மாற்றப்பட்டது. அம்மாற்றத்தின்போது எஞ்சி நின்ற கடைசி நோயாளிகள் இருவரை அவர் கதைமாந்தர் ஆக்குகிறார். இங்கே அதிகாரத்திற்கு முகவரி உண்டு. அது வெளியேற்றுவோருக்கு உடல் உண்டு. உலகம் புனித நகராக அறிந்த ஊரை, அதன் கொல்லைப்புறத்திலிருந்து காணும் பார்வை இது. 'டெனர் சாக்சபோன்' நாடகத்திலும் நகரின் விளிம்புநிலை மாந்தரே பேசுகின்றனர். கலீசிய மொழி உழவர்க்கும் மீனவர்க்கும் உரியது, நகருக்கு ஒவ்வாதது என்ற நெடுநாளைய எண்ணத்தை அவர் கட்டுரை எழுதி மறுக்கவில்லை. தெருவோரத்தான் வாயில் அம்மொழியை வைத்து மறுத்தார்.

1981ஆம் ஆண்டின் தன்னாட்சிச் சட்டம் அம்மொழிக்கு ஆட்சிமொழித் தகுதி வழங்கியது. 1984இல் அரசு நாடக மையமும் தோன்றியது. அம்மையத்தில் பணியாற்றிய அவரே அரசின் பண்பாட்டுக் கொள்கையைக் கடுமையாகச் சாடியும் வந்தார். இதை முரண்பாடு என்பதற்கில்லை. ஒரு மொழிக்குச் சட்டம் தரும் தகுதி வேறு, அரங்கம் தரும் உயிர் வேறு என்பதை நடிகராகவும் இருந்த அவர் அறிந்திருந்தார்.

இயல், இசை, நாடகம் என மூன்றையும் சேர்த்தெண்ணும் நாம், வகுப்பறையில் நாடகத்தை இயலாகவே கற்பித்து முடிக்கிறோம். இலக்கிய நாள் விதால் போலான்யோவைப் பாடநூலுக்குள் கொண்டு சேர்த்தது நன்றே. எனினும் அவருடைய வரிகள், சொல்லும் குரலையும் நிற்கும் இடத்தையும் கருதி எழுதப்பட்டவை. அவற்றை மாணவர் எழுந்து நின்று பேசிப் பார்க்கும்போதே அந்நோயாளிகள் இருவரும் தம் இடத்தைத் திரும்பப் பெறுவர்.