வாய்க்கால் ஓரத்து மடையான்

வையம்பட்டிப் பக்கம் வானம் பார்த்த பூமி. பொன்னணியாறு அணையில் நீர் இருந்தால் வாய்க்கால் ஓடும். இல்லையென்றால் கிணற்றடி வயல்தான். இரண்டு இடத்திலும் தவறாமல் நிற்பது மடையான். மண் நிறத்தில் கோடு போட்ட உடம்பு, குறுகிய கழுத்து. வரப்போடு வரப்பாகக் கிடக்கும். காலடி பட்டால்தான் எழும். எழுந்ததும் இறக்கை பளீரென்று வெள்ளை! அதைப் பார்த்து உண்ணிக்கொக்கு என்பவர்கள் உண்டு. வக்காவின் குஞ்சும் பழுப்புக் கோடுகளோடு இதே சாயலில் இருக்கும். ஆனால் அதன் இறக்கையில் வெள்ளைப் புள்ளிகள் உண்டு, பறக்கையில் இந்த வெளுப்பு இராது.

ஈரானின் தென்பகுதியிலிருந்து இந்தியா, இலங்கை வழியாக மியான்மர் வரை மடையானின் நாடு. அதற்கு மேற்கே, தென் ஐரோப்பாவிலும் ஆப்பிரிக்காவிலும் அதன் உறவுக்காரப் பறவை வாழ்கிறது. கிழக்கே சீன மடையான், ஜாவா மடையான். சீன மடையான் நம் வடகிழக்கு மாநிலங்களுக்கும் அந்தமானுக்கும் வருவதுண்டு. சாதாரண நாளில் இந்த மூன்றையும் வயலில் வைத்துப் பிரிப்பது கைதேர்ந்தவர்களுக்கே கடினம். இணைசேரும் பருவத்தில்தான் குட்டு உடைகிறது: நம்முடையதற்கு முதுகு அரக்குச் சிவப்பு, தலையும் கழுத்தும் மஞ்சள் சாயல், சீனத்ததற்குத் தலையும் கழுத்தும் செம்பழுப்பு, முதுகு கருமை, ஜாவாவினதற்குக் கருமுதுகோடு பொன்னிறத் தலை.

என்னைக் கேட்டால், வெள்ளைக் கொக்கைவிட இதுவே அழகு. அரக்கு முதுகோடு ஒன்று கண்ணில் பட்டால், வண்டியைக் கொஞ்சம் ஓரம்கட்டிப் பாருங்கள்.