காலியாகக் கிடந்த நான்கு நாற்காலிகள்

இலங்கை அரசாங்க சபையின் (1931–47) தொகுதிகளைப் பற்றிக் கொஞ்ச நாளாகக் குறிப்பு எடுத்துக்கொண்டிருக்கிறேன். யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, ஊர்காவற்றுறை, பருத்தித்துறை என்ற நான்கு தொகுதிகளுக்கு வரும்போது எல்லா எழுத்தாளர்களும் ஒரே கதையைத்தான் சொல்கிறார்கள். 1931இல் யாழ்ப்பாண இளைஞர் காங்கிரஸ் தேர்தலைப் பகிஷ்கரித்தது, ஒருவரும் வேட்புமனு கொடுக்கவில்லை, 50 இடங்களில் 46தான் நிரம்பின, தமிழர் அதிகாரத்தைக் கோட்டைவிட்டார்கள், கடைசியில் தனிச் சிங்கள அமைச்சரவை வந்தது. படிக்க நன்றாக இருக்கிறது. ஆனால் கணக்கு உதைக்கிறது.

முதலில் தேதியைப் பாருங்கள். நான்கு நாற்காலிகளும் காலியாக இருந்த அந்த 1931 சபையில் ஏழு அமைச்சர்கள். அதில் தொழில், கைத்தொழில், வர்த்தகம் பெரி. சுந்தரத்திடம் இருந்தது, ஹட்டன் தொகுதி, தமிழர். போக்குவரத்து மாக்கான் மாக்கார் கையில், முஸ்லிம். 1934இல் இடைத்தேர்தல் நடந்து நான்கு பேரும் உள்ளே வந்தார்கள். யாழ்ப்பாணத்துக்கு மகாதேவா, பருத்தித்துறைக்கு ஜி.ஜி. பொன்னம்பலம். 1936 பொதுத்தேர்தலில் வடக்கு வழக்கம்போல வாக்களித்தது. அதற்குப் பிறகு அமைந்த அமைச்சரவைதான் ஏழு பேரும் சிங்களவர்! பகிஷ்கரித்தபோது ஒரு தமிழ் அமைச்சர், கலந்துகொண்டபோது பூஜ்யம். காரணம் என்று காட்டப்படுவது விலகி இரண்டு வருஷம் கழித்து விளைவு வந்திருக்கிறது. இப்படி ஒரு பிழை அறிக்கை என் டீமில் வந்தால் "மறுபடி பார்" என்று திருப்பி அனுப்பிவிடுவேன்.

பிழை டொனமூர் வடிவமைப்பில் இருந்தது. உறுப்பினர்கள் ஏழு நிர்வாகக் குழுக்களாகப் பிரிவார்கள், ஒவ்வொரு குழுவும் தன் தலைவரை வாக்கெடுத்துத் தேர்ந்தெடுக்கும், அவரே அமைச்சர். தேர்ந்தெடுக்கப்பட்டவர் 50, நியமனம் 8. ஏழால் வகுத்தால் குழுவுக்குச் சுமார் எட்டுப் பேர். பெரும்பான்மைக் கட்சிக்காரர்கள் தங்கள் ஆட்களை ஏழு குழுவுக்கும் சரிசமமாகப் பரப்பிவிட்டால் போதும், ஏழு அமைச்சும் அவர்களுக்கே. 1936இல் நடந்தது இதுதான். அதற்குக் கணக்குப் போட்டுக்கொடுத்தவர் கணிதப் பேராசிரியர் சி. சுந்தரலிங்கம், அவரும் தமிழர் என்று பரவலாகச் சொல்வார்கள். நான்கு நாற்காலி முன்னாடியே நிரம்பியிருந்தாலும் இந்தக் கணக்கு மாறியிருக்காது.

பெரி. சுந்தரத்தை ஏன் எல்லோரும் தாண்டிப் போகிறார்கள் என்பதுதான் எனக்கு உறுத்துகிறது. அவர் மலையகத்துக்காரர், இந்திய வம்சாவளி. "தமிழருக்கு இடமில்லாமல் போயிற்று" என்று எழுதுகிறவர் மனதில் தமிழர் என்றால் யாழ்ப்பாணம் மட்டும்தான் போலிருக்கிறது. "வடக்கே பகிஷ்கரித்தது" என்பதும் இதே மாதிரி ஒரு வாக்கியம்தான். மன்னார்-முல்லைத்தீவும் வட மாகாணம்தானே? அங்கே தேர்தல் நடந்தது. ஜி.ஜி. பொன்னம்பலமே அங்கே நின்று தோற்றார்.

சரி, அப்போ இளைஞர் காங்கிரஸ்காரர்கள் செய்தது சரியா? அவர்களைத் தலையில் தூக்கிவைத்து எழுதுகிறவர்களோடும் எனக்குச் சண்டை உண்டு. 1924இல் மாணவர் காங்கிரஸாக ஆரம்பித்து, 1927இல் காந்தியை யாழ்ப்பாணத்துக்கு அழைத்துவந்த கூட்டம். ஹண்டி பேரின்பநாயகம் போன்றவர்கள் இனவாரிப் பங்கு கேட்கவில்லை. டொனமூர் திட்டம் முழு சுயராஜ்யம் தரவில்லை என்றுதான் மறுத்தார்கள். பள்ளிக்கூடத்தில் எல்லாச் சாதிப் பிள்ளைகளும் சமமாக உட்கார வேண்டும் என்று நின்றவர்களும் இவர்களே. இதெல்லாம் மதிக்க வேண்டிய விஷயம்.

ஆனால் அதே டொனமூர் திட்டம்தான் 21 வயதான ஆண், பெண் எல்லோருக்கும் வாக்கு கொடுத்தது. அதற்கு முன்னாடி சொத்து, வருமானம், படிப்பு பார்த்து நூற்றுக்குச் சுமார் நான்கு பேருக்குத்தான் வாக்கு. சாதியில் ஒடுக்கப்பட்டவர்களுக்கும் பெண்களுக்கும் கிடைத்த முதல் வாக்கு, சமத்துவம் பேசிய படித்த இளைஞர்களின் முடிவால் யாழ்ப்பாணக் குடாநாட்டில் மூன்று வருஷம் தள்ளிப்போயிற்று. அவர்களைக் கேட்டா முடிவு செய்தார்கள்? பொன்னம்பலம் இராமநாதன் சர்வசன வாக்குரிமையை வெளிப்படையாகவே எதிர்த்தார். நோக்கம் நேர் எதிர்தான், ஆனால் 1931 ஜூனில் பருத்தித்துறையில் ஒரு கூலிக்காரப் பெண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான்.

பகிஷ்கரிப்பைத் திட்டுகிறவர்களும் இதைச் சொல்வதில்லை. அவர்கள் கவலை போன அமைச்சர் பதவி, வாக்குச்சீட்டு அல்ல. 1932இல் நேசம் சரவணமுத்து கொழும்பு வடக்கு இடைத்தேர்தலில் ஜெயித்து அரசாங்க சபைக்குள் போனார். ஒரு தமிழ்ப் பெண் உறுப்பினராக உட்கார்ந்திருந்த அந்தச் சபைக்கு, யாழ்ப்பாணப் பட்டணத்துப் பெண்கள் அதுவரை ஒரு தடவைகூட வாக்களித்திருக்கவில்லை.