கால் பார்த்த அண்ணன், கண் பார்த்த தம்பி

சண்டைக்காட்சி நன்றாக வந்தால் விசில் நாயகனுக்கு. மிச்சம் மீதி இருந்தால் ஸ்டண்ட் மாஸ்டருக்கு. ஒளிப்பதிவாளர் பெயர் யார் வாயிலும் வராது. வந்திருக்க வேண்டிய இரண்டு பெயர்கள் காஞ்சிபுரத்துக்குப் பக்கத்து ஊர்க்காரர்களுடையவை. மதுராந்தகத்தில் 1947-ல் பிறந்த ராமச்சந்திர பாபு, அவருடைய தம்பி ரவி கே. சந்திரன். அண்ணன் களரிப்பயட்டைப் படம்பிடித்தார். தம்பிக்குக் கிடைத்தது போதிதர்மர்.

புனே திரைப்படக் கல்லூரியில் படித்த பாபு, 1972-ல் ஜான் ஆபிரகாமின் ‘வித்யார்த்திகளே இதிலே இதிலே’ மூலம் மலையாளத்துக்குள் நுழைந்தார். ‘நிர்மால்யம்’, 70 எம்எம்மில் ‘படையோட்டம்’ என்று அங்கேயே வேரூன்றிவிட்டார். ஆனால் இந்த அலசலுக்கு உரிய ஆட்டம் 1989-ல் வந்த ‘ஒரு வடக்கன் வீரகாதா’. எம்.டி. வாசுதேவன் நாயர் எழுதி ஹரிஹரன் இயக்கியது. வடக்கன் பாட்டுகள் என்ற கேரள நாட்டார் பாடல்கள் துரோகி என்று தூற்றிய சந்துவாக மம்முட்டி.

களரிப்பயட்டு நடக்கும் களமான களரியின் தரை மரபுப்படி 42 அடி நீளம், 21 அடி அகலம். வித்தை முழுக்கக் காலடியில்தான். பாதம் சரியாக விழுந்தால்தான் வாள் போய்ச் சேரும். தரையோடு தரையாகத் தாழ்ந்து, ஒரே பாய்ச்சலில் எழும்புகிற உடம்பை இடுப்புக்கு மேல் மட்டும் காட்டினால் பாதி வித்தை போயிற்று. பாபு இதைப் புரிந்துகொண்டவர். அங்கம் என்ற, இருவர் வாளேந்தி மோதும் காட்சியில் அவர் கேமரா தள்ளி நிற்கத் தயங்குவதில்லை. இருவரும், இருவருக்கும் இடையிலுள்ள தூரமும் ஒரே ஃபிரேமில் இருக்கிறார்கள். யார் முன்னேறுகிறார், யார் பின்வாங்குகிறார் என்று நமக்கே தெரிகிறது. அதுவும் பிலிம் காலம். லேபுக்குப் போய் வந்த பிறகுதான் வாள் ஃபோகஸில் இருந்ததா என்பது உறுதியாகும். அந்தப் படத்துக்காக நான்காவது முறையாகக் கேரள அரசு விருது வாங்கினார்.

காஞ்சி வைகுண்டப் பெருமாள் கோயிலில் பல்லவர் வரலாற்றைச் சொல்லும் சிற்ப வரிசையைப் பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல. போர்க்காட்சியில் முழு உருவத்தையும் செதுக்கிய சிற்பியும் பாபுவின் கட்சிதான்.

தம்பி வேறு வகை. ‘கன்னத்தில் முத்தமிட்டால்’, ‘பிளாக்’, இந்தி ‘கஜினி’ என்று ஒளியால் பேர் வாங்கிய ரவி கே. சந்திரன், 2011 தீபாவளிக்கு வந்த ஏ.ஆர். முருகதாஸின் ‘7ஆம் அறிவு’க்குக் கேமரா பிடித்தார். போதிதர்மர் காஞ்சிப் பல்லவ இளவரசர் என்பது மரபுச் செய்தி. வரலாற்றாசிரியர்கள் அதில் ஒத்துப்போவதில்லை. படம் அந்த மரபை அப்படியே எடுத்துக்கொண்டு முதலில் சீனாவுக்குப் போகிறது. மலையும் புழுதியுமாக விரியும் அந்த முதல் பகுதியில் போதிதர்மராக வரும் சூர்யாவின் உடம்புக்கு வெளியில் இடம் இருக்கிறது. இன்றும் அலுக்காத பகுதி அது.

கதை சென்னைக்கு வந்ததும் ஆட்டம் மாறுகிறது. வில்லன் டாங் லீயின் ஆயுதம் நோக்கு வர்மம். அவன் பார்த்தால் போதும், ரோட்டில் போகிறவர் அடிக்க ஓடி வருவார். ஆகவே கேமரா கண்ணுக்கு நெருங்கியே ஆக வேண்டும். ரவியின் குளோஸ்-அப்பில் அந்தப் பார்வை மிரட்டுகிறது, சந்தேகமில்லை. ஆனால் வில்லனாக நின்றவர் ஜானி ட்ரை நுயென். ஹாலிவுட்டில் ஸ்டண்ட் செய்த, ‘தி ரெபல்’ என்ற வியட்நாம் படத்தில் நாயகனாகவே மோதிய நிஜச் சண்டைக்காரர். அவரை முறைக்க வைத்தே பெரும்பகுதியை ஓட்டியது, யார்க்கர் போடத் தெரிந்தவரை எல்லைக்கோட்டில் நிறுத்திய கதை. பழியில் பெரும்பங்கு திரைக்கதைக்கு. ஒளிப்பதிவாளர் எழுதிக்கொடுத்ததைத்தான் எடுக்க முடியும். இருந்தாலும் கைகலப்பு வரும்போதாவது வெட்டுகளைக் குறைத்து, காலையும் காட்டியிருக்கலாம். சண்டைப் படத்துக்கு ஒளிப்பதிவு ஆஸ்கர் வாங்கிய பீட்டர் பாவ், ‘க்ரௌச்சிங் டைகர் ஹிட்டன் டிராகன்’ படத்தில் மூங்கில் உச்சியில் வாள் வீசுகிறவர்களைக்கூட முழு உருவமாகக் காட்டத் தவறவில்லை.

பாபு 2019 டிசம்பரில் காலமானார். ‘வீரகாதா’ 2025 பிப்ரவரியில் 4கே தரத்தில் மீண்டும் தியேட்டருக்கு வந்தது. 36 வருடம் கழித்துப் பெரிய திரையில் அதன் வாட்சண்டை தேறிவிட்டது. ‘7ஆம் அறிவு’க்கும் அதே பரீட்சை வைத்தால் சீனப் பகுதி பாஸ்; சென்னைப் பகுதி அரியர் எழுத வேண்டியிருக்கும்.