மாதத் தவணை சொல்லாத கணக்கு

வீட்டுக் கடன் என்றதும் நம் ஊரில் முதலில் எழும் கேள்வி "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பதுதான். பெரும்பாலும் கடைசிக் கேள்வியும் அதுவே. அடுக்குமாடி விற்க வரும் பிரதிநிதி அதற்கான பதிலைக் கைபேசியிலேயே தட்டிக் காட்டிவிடுகிறார். வங்கியும் அதே அளவுகோலைத்தான் பிடிக்கிறது: கைக்கு வரும் சம்பளத்தில் ஏறத்தாழ பாதிக்குள் எல்லாத் தவணைகளும் அடங்குகின்றனவா என்று பார்க்கிறது, அடங்கினால் கடன். கணவனும் மனைவியும் இரவில் உட்கார்ந்து பள்ளிக் கட்டணம், மளிகை, பெற்றோரின் மருந்துச் செலவு எல்லாவற்றையும் கழித்துப் பார்த்து, மீதியில் இ.எம்.ஐ. ஓடும் என்று தெரிந்தால் கையெழுத்துப் போட்டுவிடுகிறார்கள்.

இப்படி முடிவெடுப்பதை அறியாமை என்று தள்ளிவிட முடியாது. மாதச் சம்பளத்தில் வாழ்கிறவருக்கு மாதக் கணக்கு தவறினால் எல்லாமே தவறும். கடனைக் கட்ட முடியுமா என்ற கேள்விக்குத் தவணைத் தொகை சரியான விடை தருகிறது. ஆனால் கடனின் விலை என்ன என்பது வேறு கேள்வி. அதற்குத் தவணையிடம் பதில் இல்லை. அதைவிட மோசம், விலை ஏறும்போதும் தவணை அதே இடத்தில் அசையாமல் நின்று, எதுவும் நடக்காததுபோல் காட்டிவிடும்.

ஒரு கடனை எடுத்துக்கொள்வோம். 50 லட்சம் ரூபாய், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. தவணை 43,391 ரூபாய். முதல் மாதத் தவணையில் 35,417 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974 ரூபாய். ஒரு மாதமும் தவறாமல் ஓராண்டில் 5,20,700 ரூபாய் கட்டி முடித்தபின் பார்த்தால், அசல் குறைந்திருப்பது ஏறத்தாழ 99,500 ரூபாய். தவணைக்குள் வட்டியின் பங்கை அசலின் பங்கு தாண்டுவதற்கு 12ஆம் ஆண்டின் கடைசி வரை காத்திருக்க வேண்டும். வாங்கிய அசலில் பாதி தீர்வதற்கு 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. 20 ஆண்டு முடிவில் கட்டிய மொத்தம் 1 கோடியே 4 லட்சம்; அதில் வட்டி மட்டும் 54 லட்சம்.

"முதல் பத்து வருஷம் பேங்க்காரன் வட்டியை மட்டும் எடுத்துக்கிறான்" என்று சொல்கிறவர்கள் உண்டு. அது சரியல்ல. ஒவ்வொரு மாதமும் அன்றைக்கு நிலுவையில் உள்ள அசலுக்கு மட்டுமே வட்டி கணக்கிடப்படுகிறது. முதல் மாதமும் அதே 8.5, கடைசி மாதமும் அதே 8.5. தொடக்கத்தில் நிலுவை பெரிது, அதனால் வட்டியும் பெரிது. தனியார் ஃபைனான்ஸில் வாங்கிய அசலுக்கே கடைசி மாதம் வரை வட்டி போடும் ஃப்ளாட் ரேட் முறையோடு ஒப்பிட்டால், குறையும் நிலுவைக்கு வட்டி போடும் இந்த முறை எவ்வளவோ நியாயமானது. சாதாரணக் குடும்பத்துக்கு ஈடு கொடுத்துக் கிடைக்கும் நீண்டகாலக் கடன்களில் இதைவிட மலிவானது வேறு ஏதும் கிடையாது என்றே சொல்லலாம். ஒரு தலைமுறைக்கு முன்பு அரசு ஊழியரும் ஆலைத் தொழிலாளியும் ஓய்வுபெற்றுப் பி.எஃப். பணம் வந்த பிறகுதான் கூரை போட்டார்கள். இன்று முப்பத்தைந்து வயதில் சொந்த வீட்டில் குடியேற முடிகிறது என்றால் அதற்கு இந்தக் கடன்தான் காரணம்.

எனவே வட்டி விகிதத்தைக் குறை சொல்வதில் எனக்கு ஆர்வமில்லை. குறை வேறு இடத்தில் இருக்கிறது. இந்தக் கடனின் விலையை நிர்ணயிப்பதில் விகிதத்துக்கு இருக்கும் அதே பலம் காலத்துக்கும் உண்டு. ஆனால் விகிதத்துக்காகக் கால் சதவீதம் குறையுமா என்று நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்கள், காலத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேரம் பேசுவதில்லை.

அதே 50 லட்சத்தை 30 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 38,446 ஆகிறது. மாதம் ஐந்தாயிரம் குறைகிறது என்று மனசு சொல்லும். மொத்தமோ 1 கோடியே 38 லட்சத்தைத் தாண்டுகிறது. மாதம் ஐந்தாயிரம் இளைப்பாறுதலுக்குக் கொடுக்கும் விலை 34 லட்சம். எதிர்த்திசையில் 15 ஆண்டுக்குச் சுருக்கினால் தவணை 49,237. மொத்தம் 88 லட்சத்து 63 ஆயிரம். மாதம் 5,850 ரூபாய் கூடுதலாகத் தாங்க முடிந்தவருக்கு 15 லட்சத்துக்கு மேல் மிச்சம். "இருக்கிற அதிகபட்ச வருஷத்தைப் போட்டுக்கோங்க சார், லோன் எலிஜிபிலிட்டி கூடும்" என்று முகவர் சொல்வது பொய்யில்லை. கடன் தொகை கூடத்தான் செய்யும். கூடிய தொகைக்கும் கூடிய காலத்துக்கும் சேர்த்து யார் கட்டப்போகிறார்கள் என்பது அந்த மேசையில் பேசப்படுவதில்லை.

அதே நேரத்தில், "50 லட்சம் வாங்கி ஒரு கோடி கட்டுகிறாயே" என்று மொத்தத் தொகையை மட்டும் காட்டிப் பயமுறுத்துகிறவர்களும் பாதிதான் சொல்கிறார்கள். இருபதாம் ஆண்டில் கட்டும் 43,391 ரூபாயும் இன்று கட்டும் 43,391 ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்தால், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய காசில் 16,000 ரூபாய்தான். எல்லாத் தவணைகளையும் அப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் 1 கோடியே 4 லட்சம் ஏறத்தாழ 66 லட்சமாகிறது. சம்பளம் ஆண்டுதோறும் ஏறுகிறவருக்கு ஐந்தாறு ஆண்டில் தவணையின் பாரம் லேசாவது இதனால்தான். 16 லட்சம் கூடுதல் என்பது சிறு தொகையல்ல; ஆனால் 54 லட்சம் என்று நெஞ்சில் அடித்துக்கொள்ளவும் வேண்டியதில்லை. இந்த ஆறுதல் சம்பளம் ஏறும்வரைதான். ஐம்பது வயதில் வேலை போனவருக்கும், வியாபாரம் படுத்தவருக்கும் பணவீக்கம் எந்த உதவியும் செய்யாது. மளிகைச் செலவும் ஏறி, தவணையும் நிற்கும்.

மேலே போட்டதெல்லாம் வட்டி மாறாது என்று வைத்துப் போட்ட கணக்கு. உண்மையில் நம் வீட்டுக் கடன்களில் மிகப் பெரும்பாலானவை மாறும் வட்டியில் ஓடுபவை. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. பெரும்பாலான வங்கிகள் ரெப்போ விகிதத்தைப் பிடித்துக்கொண்டன. நல்ல சீர்திருத்தம் அது. அதற்கு முன்பு ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைத்தாலும் பழைய கடன்காரருக்கு அது வந்து சேர மாதக்கணக்காகும்; சில நேரம் வரவே வராது. ஆனால் குறைவு சீக்கிரம் வரும் வழியில் ஏற்றமும் சீக்கிரம் வரும். 2020 மே முதல் ஈராண்டு ரெப்போ 4 சதவீதத்தில் இருந்தது. ஏழு சதவீதத்துக்கும் கீழே வீட்டுக் கடன் கிடைத்த காலம் அது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. ஒன்பதே மாதத்தில் இரண்டரை சதவீதம்.

இது ஒரு கடனுக்குள் என்ன செய்தது என்பதைக் கிட்டத்தில் பார்க்க வேண்டும். 30 லட்சம், 7 சதவீதம், 20 ஆண்டு. தவணை 23,259. ஈராண்டு கட்டியபின் நிலுவை 28 லட்சத்து 52 ஆயிரம்; மீதி 216 தவணை. கணக்கு எளிதாக இருக்க, அந்த இடத்தில் வட்டி ஒரேயடியாக 9.5 ஆனதாக வைப்போம். அந்த மாத வட்டி மட்டும் 22,579 ரூபாய். தவணை மாறாவிட்டால் அசலில் கழிவது 680 ரூபாய். இருபத்து மூவாயிரம் கட்டுகிற குடும்பத்தின் வீட்டுக் கடன் அந்த மாதம் எழுநூறு ரூபாய்கூடக் குறையவில்லை! இதே தவணையில் கடன் தீர 216 மாதம் போதாது; 448 மாதம் வேண்டும். பதினெட்டு ஆண்டு முப்பத்தேழு ஆண்டாகிவிட்டது, வங்கிக் கணக்கிலிருந்து மாதாமாதம் போகும் தொகையில் ஒரு ரூபாய் மாற்றமும் இல்லாமலே.

நடைமுறையில் எந்த வங்கியும் அவ்வளவு தூரம் நீள விடுவதில்லை. கடன்காரரின் வயது வரம்பு இடிக்கும் இடத்தில் தவணையை ஏற்றிவிடும். ஆனால் அந்த இடம் வரும்வரை காலத்தை நீட்டுவதுதான் பரவலான வழக்கமாக இருந்தது. கடன்காரருக்கு வந்தது ஒரு குறுஞ்செய்தி. தவணை மாறவில்லையே என்று நிம்மதியாக அதை மூடிவைத்தவர்கள் எத்தனையோ பேர். தவணையைப் பார்த்தே கடனை அளக்கும் பழக்கத்தின் பெருங்கேடு இங்கேதான் வெளிப்படுகிறது: விலை இரட்டிப்பாகிற வேளையில் அது விலையே மாறவில்லை என்று நம்ப வைக்கிறது.

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கை இந்த நோயைச் சரியாகவே கண்டுகொண்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமையைக் கடன்காரருக்குத் தர வேண்டும். எந்த நிலையிலும் நீட்டிப்பால் தவணை வட்டிக்கே போதாமல் போகக் கூடாது. காலாண்டுக்கு ஒருமுறை இதுவரை வசூலித்த அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் அறிக்கை தர வேண்டும் என்றது. உரிமை காகிதத்தில் வந்துவிட்டது. தேர்வு கேட்கும் மின்னஞ்சலுக்குப் பதில் போடாதவருக்கு என்ன ஆகும் என்பதுதான் கேள்வி. பதில் போடாதவர்தான் அதிகம். அவருக்கு வங்கியின் வழக்கமே விதி. மேலே சொன்ன கடன்காரர் மாதம் 4,347 ரூபாய் கூட்டி 27,606 ஆகக் கட்டச் சம்மதித்திருந்தால் கடன் பழைய தேதியிலேயே முடிந்திருக்கும். அந்தத் தொகை எல்லோராலும் முடியாது. பாதியாவது முடியுமா என்று யாரும் கேட்கவில்லை என்பதே வருத்தம்.

இன்னொரு அநியாயமும் நீண்டநாளாக நடக்கிறது. அதே வங்கியில் இன்று புதிதாக வருகிறவருக்கு ஒரு விகிதம், ஏழாண்டாக ஒழுங்காகக் கட்டுகிறவருக்கு அதைவிட அரை சதவீதம் கூடுதல். காரணம், அளவுகோலுக்கு மேல் வங்கி வைக்கும் லாப விளிம்பு. போட்டிக்காக அது புதியவருக்குக் குறைகிறது. பழையவர் கட்டணம் செலுத்தி மாற்றிக் கேட்டால்தான் குறையும். வீட்டு வசதி நிதி நிறுவனங்களில் நிலைமை இன்னும் கடினம். 2019 உத்தரவு வங்கிகளுக்கானது, இந்த நிறுவனங்கள் தங்கள் சொந்த அளவுகோலையே வைத்துக்கொள்கின்றன. கேட்பவருக்குக் குறைத்து, கேட்காதவரிடம் வாங்குவதை எந்த நிர்வாகக் காரணம் சொல்லியும் நியாயப்படுத்த முடியாது.

ஓரச் செலவுகளில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீடு ஒன்றைக் கட்டாயம்போல் நீட்டுவார்கள். பிரீமியம் ஒரு லட்சம் என்றால், "கையிலிருந்து கட்ட வேண்டாம், லோனிலேயே சேர்த்துடலாம்" என்பார்கள். 8.5 சதவீதத்தில் 20 ஆண்டு ஓடி அந்த ஒரு லட்சம் 2 லட்சத்து 8 ஆயிரமாகிறது. கடன்காரர் இறந்தால் குடும்பம் தெருவுக்கு வராமல் காக்கும் காப்பீடு அவசியம்தான். அதைத் தனியாக, ஆண்டு பிரீமியம் கட்டும் டெர்ம் பாலிசியாக எடுத்துக்கொள்வதைத் தடுக்கும் சட்டம் ஏதுமில்லை.

"வட்டி கட்டினால் என்ன, வரி மிச்சம்தானே" என்ற வாதமும் பழசாகிவிட்டது. பழைய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம்வரை கழிக்கலாம். 30 சதவீத வரி வரம்பில் உள்ளவருக்கு மிச்சம் 62,400 ரூபாய். முதலாண்டு வட்டியோ 4 லட்சத்து 21 ஆயிரம். புதிய வரி முறையில், தானே குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவும் கிடையாது.

இவ்வளவு குறை சொன்னாலும், நம் நாட்டு மாறும் வட்டி வீட்டுக் கடனில் ஒரு பெரிய சலுகை சும்மா கிடக்கிறது. 2012 ஜூனில் ரிசர்வ் வங்கி, தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் விதிக்கக் கூடாது என்றது. அதன் பலன் பெரிது. நாம் எடுத்துக்கொண்ட 50 லட்சக் கடனில் ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக, போனஸ் வந்த மாதத்தில், அசலுக்குக் கட்டினால் 20 ஆண்டு 16 ஆண்டு 9 மாதத்தில் முடிகிறது. 10 லட்சத்துக்கு மேல் மிச்சமாகிறது. கட்டும்போது "தவணை குறைய வேண்டாம், காலம் குறையட்டும்" என்று எழுதிக் கொடுக்க வேண்டும். 2025-இல் ரெப்போ பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் 6.5-லிருந்து 5.5-க்கு இறங்கியபோதும் அதே விதிதான்: தவணையைக் குறைக்கச் சொல்லாமல் விட்டவர்களின் கடன்தான் வேகமாகக் கரைகிறது. இதற்காக அவசரக் கையிருப்பையோ, பிள்ளையின் கல்லூரிப் பணத்தையோ தொடுவது தவறு. வீட்டுச் சுவருக்குள் போன பணத்தை மருத்துவமனை வாசலில் திரும்ப எடுக்க முடியாது.

2024 அக்டோபர் முதல் கடன் தரும்போது கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு விகிதத்தைக் காட்டும் முக்கிய விவர அறிக்கை கட்டாயமாகிவிட்டது. கடன் பிறக்கும் நாளுக்கு அது போதும். வட்டி மாறும் நாளுக்கு இன்னொரு காகிதம் தேவை, தமிழில், இரண்டே வரியில்: தவணையை ஏற்றினால் இனிக் கட்டப்போகும் மொத்தம் இவ்வளவு, காலத்தை நீட்டினால் இவ்வளவு. அந்த 30 லட்சக் கடனில் முதல் வரி 59 லட்சத்து 63 ஆயிரம் என்றும், இரண்டாம் வரி 1 கோடியே 4 லட்சம் என்றும் சொல்லியிருக்கும். இரண்டையும் கணக்கிடும் மென்பொருள் வங்கியிடம் ஏற்கெனவே இருக்கிறது. அச்சிட்டு அனுப்பவும், கடன்காரர் கையெழுத்திட்டுத் திருப்பித் தரும்வரை காலத்தை நீட்டாமல் இருக்கவும் ஓர் உத்தரவு போதும்.